தங்கச்சிமடத்தின் அடியில் மிதக்கும் தண்ணீர்

பாம்பன் தீவில் உள்ள தங்கச்சிமடத்தின் வடகரையில் கடலுக்குள் ஒரு நடைபாலம் நீள்கிறது. அதன் முனையில் ஒரு கிணறு. சுற்றிலும் உப்புத் தண்ணீர். கிணற்றில் இறைத்தாலோ நல்ல தண்ணீர். வில்லூண்டித் தீர்த்தம் என்று பெயர். சீதையின் தாகம் தீர்க்க ராமன் கடலில் வில்லை ஊன்றிய இடம் என்பது தலபுராணம். ராமேஸ்வரம் வருகிற யாத்ரிகர்கள் இங்கே இறங்கி, ஒரு வாய் குடித்துப் பார்த்து, வியந்துவிட்டு அடுத்த தீர்த்தத்துக்குப் புறப்படுகிறார்கள். வியக்க வேண்டியதுதான். ஆனால் அந்தத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று கேட்டுக்கொண்டே போனால், இந்தத் தீவு உருவான கதையில் தொடங்கி, இதை யார் நிர்வகிக்கிறார்கள், எதை மட்டும் யாருமே நிர்வகிக்கவில்லை என்பது வரை போய்விடலாம்.

பாம்பன் தீவு மேற்கே பாம்பனில் தொடங்கி, தென்கிழக்கே அரிச்சல்முனை வரை ஏறத்தாழ 30 கிலோமீட்டர் நீளம். ராமேஸ்வரம் பக்கத்தில் அகலம் சுமார் 7 கிலோமீட்டர். தனுஷ்கோடி பக்கம் போகப் போக ஒடுங்கி, கடைசியில் ஒரு மணல் நாக்காகிவிடும். பாம்பனிலிருந்து ராமேஸ்வரம் போகும் நெடுஞ்சாலையில் அக்காள்மடம், தங்கச்சிமடம், பேக்கரும்பு என்று ஊர்கள் வரிசையாக வரும். தீவில் ஆறு கிடையாது. மலை கிடையாது. வைகை நிலப்பகுதியோடு நின்றுவிடுகிறது. இந்தத் தீவின் மேல் விழுகிற மழையைத் தவிர இதற்கென்று சொந்தமாக வேறு தண்ணீர் இல்லை.

வடக்கே பாக் விரிகுடா, தெற்கே மன்னார் வளைகுடா. பாக் விரிகுடா ஆழமற்றது, பெரும்பாலும் அடங்கிக் கிடப்பது. ஊரார் அதைப் பெண்கடல் என்பார்கள். தெற்கே ஆழமும் அலையும் அதிகம், அது ஆண்கடல். வாடைக்காற்று அடிக்கிற ஐப்பசி, கார்த்திகையில் பெண்கடலும் கொந்தளிக்கும். கச்சான் வீசுகிற ஆனி, ஆடியில் தெற்குப் பக்கம் படகு இறக்குவது பெரும்பாடு. ஒரு கரையில் தொழில் முடங்குகிற மாதங்களில் மறுகரையில் தொழில் நடக்கும். கரையோரமாக ஓடும் நீரோட்டமும் காற்றோடு சேர்ந்து திசை மாற்றிக்கொள்கிறது. தென்மேற்குப் பருவத்தில் ஒரு பக்கம் நகர்ந்த மணல் வடகிழக்குப் பருவத்தில் திரும்பி வருகிறது. அரிச்சல்முனையின் நுனி எந்த இரண்டு ஆண்டிலும் ஒரே மாதிரி இருப்பதில்லை.

சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன், பூமியின் தண்ணீரில் இப்போதைவிடக் கூடுதல் பங்கு பனிப்பாறையாக உறைந்து கிடந்தபோது, கடல்மட்டம் இன்றைக்குவிட ஏறக்குறைய 120 மீட்டர் கீழே இருந்தது. இன்று பாக் விரிகுடா இருக்கிற இடம் முழுக்க அன்று நிலம். தமிழகத்திலிருந்து இலங்கைக்கு நடந்தே போயிருக்க முடியும். பனி உருக உருகக் கடல் ஏறி வந்து அந்தச் சமவெளியை மூடியது. இளஞ்சூடும் தெளிவும் உள்ள ஆழமற்ற நீரில் பவளங்கள் வளர்ந்தன. பல்லாவரத்தில் 1863-ல் கற்காலக் கைக்கோடரியைக் கண்டெடுத்த புவியியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபூட், இந்தத் தீவின் கரையில் நீருக்கு மேலே நிற்கும் பழைய பவளப் பாறையையும் பதிவு செய்திருக்கிறார். பவளம் தண்ணீருக்குள் மட்டுமே வளரும் உயிர். அது மேலே நிற்கிறது என்றால், அது வளர்ந்த காலத்தில் கடல் இன்னும் உயரத்தில் இருந்திருக்க வேண்டும். அல்லது நிலம் உயர்ந்திருக்க வேண்டும். 1972-ல் டேவிட் ஸ்டோடார்ட்டும் கோபிநாத பிள்ளையும் வெளியிட்ட ஆய்வு இப்பகுதிப் பவளத்தின் வயது சுமார் 4000 ஆண்டு என்று கார்பன் கணக்கில் காட்டியது. புவியியல் காலத்தில் இது நேற்று நடந்ததுதான். கீழே பவளப் பாறையும் சுண்ணாம்பு மணற்கல்லும், மேலே அலையும் காற்றும் கொண்டுவந்து குவித்த மணல். தங்கச்சிமடம் உட்கார்ந்திருப்பது இதன் மேல்தான்.

மணல் மழையை ஓடவிடாது, உடனே உறிஞ்சிக்கொள்ளும். உறிஞ்சிய மழைநீர் கீழே இறங்கும்போது, ஏற்கெனவே மணலின் இடுக்குகளை நிரப்பியிருக்கும் கடல்நீரைச் சந்திக்கிறது. இரண்டும் உடனே கலந்துவிடும் என்றுதான் நினைக்கத் தோன்றும். அப்படி நடப்பதில்லை. மணலுக்குள் தண்ணீர் மிக மெதுவாக நகர்வதால் கலப்பதும் மெதுவாகவே நடக்கிறது. கடல்நீர் கனம், ஒரு கனமீட்டர் 1025 கிலோ. மழைநீர் 1000 கிலோ. இலேசான நன்னீர் கனத்த உப்புநீரின் மேல் மிதக்கிறது. தீவின் நடுவில் தடித்தும் கரையோரம் மெலிந்தும் ஒரு பருப்பின் வடிவில் நிற்கிறது. அறிவியலில் இதை நன்னீர் வில்லை என்கிறார்கள்.

எவ்வளவு ஆழத்துக்கு மிதக்கும்? 1880-களின் இறுதியில் நெதர்லாந்தின் பாடன் கைபெனும், 1901-ல் ஜெர்மனியின் ஹெர்ஸ்பெர்க்கும் தனித்தனியாக ஒரே விடைக்கு வந்தார்கள். 1025-க்கும் 1000-க்கும் உள்ள வித்தியாசம் 25. ஆயிரத்தை 25-ஆல் வகுத்தால் 40. அதாவது, நிலத்தடி நன்னீர் கடல்மட்டத்துக்கு மேல் ஒரு மீட்டர் உயர்ந்து நின்றால், அதற்குக் கீழே 40 மீட்டர் நன்னீர் இருக்கும். வலை ஏற்றிய வள்ளத்தின் கொஞ்சம் மேலே தெரிய, மிச்சம் தண்ணீருக்குள் அமிழ்ந்திருப்பது போலத்தான் இதுவும். இயற்கையில் கணக்கு இத்தனை சுத்தமாக நடப்பதில்லை. நடுவே பாறையும் களிமண்ணும் குறுக்கிடும். உப்பும் நன்னீரும் கலந்த ஓர் இடைப்பட்டை எப்போதும் இருக்கும். சின்னத் தீவுகளில் வில்லை இந்தக் கணக்கைவிட மெலிந்தே இருக்கும். ஆனாலும் 1-க்கு 40 என்ற விகிதத்தை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். அது இரண்டு பக்கமும் வெட்டும். கிணற்றில் இறைத்து மேல்மட்டத்தை 10 சென்டிமீட்டர் இறக்கினால், அடியிலிருக்கும் உப்புநீர் காலப்போக்கில் 4 மீட்டர் ஏறி வரும். ஆழ்துளையில் சக்திவாய்ந்த மோட்டாரை வைத்து ஓரிடத்திலேயே உறிஞ்சினால், அந்தத் துளைக்கு நேர் கீழே உப்புநீர் கூம்பாக எழும்பி வரும். பத்துப் பேர் பத்துக் கிணற்றில் வாளி போட்டு எடுக்கிற அதே அளவுத் தண்ணீரை ஒரே ஆழ்துளையில் எடுப்பது தீவுக்குச் செய்கிற கெடுதல்.

வில்லையின் விளிம்பு கரையோரத்தில் முடிகிறது. அங்கே நன்னீர் மெல்லக் கசிந்து கடலில் கலக்கிறது. சில இடங்களில் பாறையின் பிளவு வழியே கொஞ்சம் வேகமாக, கடலடியிலேயே ஊற்றெடுக்கிறது. வில்லூண்டிக்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் இல்லை: தீவின் மேல் பெய்த மழை, மணலுக்குள் இருந்துவிட்டு, கடலுக்குப் போகிற வழியில் அங்கே வெளிப்படுகிறது. ராமநாதசுவாமி கோயிலுக்குள் இருக்கும் 22 தீர்த்தங்களும் இதே குடும்பம்தான். அக்னி தீர்த்தக் கடலிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருந்தும் அந்தக் கிணறுகளில் நன்னீர் ஊறுகிறது. தனுஷ்கோடியில் இன்றும் மணலைத் தோண்டி ஊற்றுத் தண்ணீர் எடுக்கிறார்கள். கொஞ்சம் தோண்டினால் நல்ல தண்ணீர், இன்னும் தோண்டினால் உப்பு என்பது அங்கே எல்லாருக்கும் தெரியும். கைபென் எழுதும் முன்பே அறிந்தவர்கள் அவர்கள்.

கடலுக்கு அந்தப் பக்கமும் இதே கதை. யாழ்ப்பாணக் குடாநாட்டிலும் ஆண்டு முழுக்க ஓடும் ஆறு இல்லை. சுண்ணக்கல்லுக்குள் தேங்கிய மழைநீரை நம்பித்தான் அத்தனை தோட்டங்களும். புத்தூர்ப் பக்கம் நிலாவரைக் கிணறு இருக்கிறது. மேலே நன்னீர், ஆழத்துக்குப் போகப் போக உப்பு: வில்லையின் குறுக்குவெட்டை அப்படியே பார்க்கலாம். அதற்கும் கதை ராமன்தான். அம்பை ஊன்றித் தாகம் தீர்த்தானாம். ஒரே நிலவமைப்பு இரு கரையிலும் ஒரே கதையைப் பிறப்பித்திருக்கிறது. யாழ்ப்பாணத்தில் உரத்தின் நைட்ரேட்டும் கழிவுக்குழிகளும் கிணற்று நீரைக் கெடுத்ததை அங்குள்ள ஆய்வாளர்கள் பல ஆண்டுகளாக எழுதிவருகிறார்கள். நாம் படிக்க வேண்டிய பாடம் எதிர்க்கரையில், நம் மொழியிலேயே இருக்கிறது.

தங்கச்சிமடத்தில் இந்தத் தண்ணீருக்கு ஒரு மணம் உண்டு. 2013-ல் புவிசார் குறியீடு பெற்ற மதுரை மல்லி, செடியாகத் தொடங்குவது மதுரையில் அல்ல. இந்தத் தீவின் மணலில். தங்கச்சிமடத்தைச் சுற்றியுள்ள தோட்டங்களில் மல்லிகைத் தண்டுகளை வேர்பிடிக்க வைத்து, நாற்றாகக் கட்டுக்கட்டாக அனுப்புகிறார்கள். மதுரை, திண்டுக்கல், சத்தியமங்கலம் என்று போகும். நீர் தேங்காத மணலில் தண்டு அழுகாது. பிடுங்கும்போது வேர் அறாது. ஆனால் தினமும் தண்ணீர் வேண்டும், அதுவும் உப்பில்லாத தண்ணீர். மேலோட்டமான கிணறும் தென்னை நிழலும் சேர்ந்து இந்தத் தொழிலைத் தாங்கி நிற்கின்றன. தங்கச்சிமடத்தை மீனோடும் படகோடும் மட்டுமே இணைத்துப் பார்க்கிறவர்கள் இந்தப் பக்கத்தைக் கவனிப்பதில்லை.

வில்லையை நிரப்புகிற மழை அதிகமில்லை. ராமநாதபுரம் மாவட்டத்தின் சராசரி ஆண்டு மழை 827 மில்லிமீட்டர். அதில் பெரும்பங்கு வடகிழக்குப் பருவத்தில் வருவது. 2024 நவம்பர் 20 அன்று ராமேஸ்வரத்தில் 40 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டியது. பாம்பனில் மூன்று மணி நேரத்தில் மட்டும் 19 சென்டிமீட்டர். தங்கச்சிமடத்திலும் 30 சென்டிமீட்டரைத் தாண்டியது. மாவட்டத்தின் ஓராண்டு மழையில் பாதி ஒரே நாளில் வந்தது. மணல் தீவில் வெள்ளம் நிற்கக் கூடாது. நின்றது. குடியிருப்புகளுக்குள் தண்ணீர் புகுந்தது. மோட்டார் வைத்துக் கடலுக்கு இறைத்தார்கள். மணல்மேடுகளை மட்டமாக்கி, பள்ளங்களை மேடாக்கி, சிமென்ட் போட்ட இடங்களில் மழைக்கு இறங்க வழியில்லை. ஆண்டு முழுக்கக் குடிக்க வேண்டிய தண்ணீரை நாமே கடலுக்கு அனுப்பிவைத்தோம் என்பதுதான் அன்று நடந்தது.

இனி நிர்வாகம். சேதுபதி மன்னர்கள் காலத்தில் இது சேதுநாடு. யாத்திரை வழியெங்கும் சத்திரங்களும் மடங்களும். அக்காள்மடமும் தங்கச்சிமடமும் சேதுபதியின் இரு மகள்கள் நினைவில் எழுந்தவை என்பது ஊர் வழக்கு. யாத்ரிகர்களிடம் கடவுக்கூலி வசூலித்த மருமகனுக்குச் சேதுபதி மரண தண்டனை விதித்தார், மகள்கள் இருவரும் அவனோடு உடன்கட்டை ஏறினார்கள் என்று அந்தக் கதை போகிறது. 1910-ல் மதுரை, திருநெல்வேலி மாவட்டங்களிலிருந்து பிரித்து ராமநாதபுரம் மாவட்டம் உருவாக்கப்பட்டது. 1985-ல் அதுவே மூன்றானது. இன்று முழுத் தீவும் ராமேஸ்வரம் வட்டம். நிலத்துக்குப் பொறுப்பு வட்டாட்சியர். அவருக்குக் கீழே கிராம நிர்வாக அலுவலர்கள். அதாவது வருவாய்த்துறைக்குத் தீவு ஒன்றுதான். உள்ளாட்சிக்கு அது ஒன்றல்ல. ராமேஸ்வரம் நகராட்சி. தங்கச்சிமடமும் பாம்பனும் ஊராட்சிகள். இந்த ஊராட்சிகள் சேர்ந்திருப்பதோ மண்டபம் ஊராட்சி ஒன்றியத்தில். அதன் பெரும்பகுதி பாம்பன் பாலத்துக்கு அப்பால், நிலப்பகுதியில் இருக்கிறது.

இத்தோடு நிற்கவில்லை. நெடுஞ்சாலை ஒரு துறை, ரயில்பாதை ஒரு துறை. 1914-ல் திறந்த பழைய பாம்பன் பாலத்துக்குப் பதிலாக, 2025 ஏப்ரல் 6 அன்று திறந்த புதிய செங்குத்துத் தூக்குப்பாலம் ரயில்வேயின் பொறுப்பு. மன்னார் வளைகுடாவின் 21 தீவுகள் 1986 முதல் கடல்சார் தேசியப் பூங்கா, 1989-ல் அந்த வளைகுடா உயிர்க்கோளக் காப்பகமானது, இரண்டுக்கும் வனத்துறை. தனுஷ்கோடியில் 2025 ஜூனில் அறிவிக்கப்பட்ட பூநாரைகள் சரணாலயமும் வனத்துறையிடமே. கரையோரக் கட்டடங்களுக்குக் கடற்கரை ஒழுங்குமுறை மண்டல விதிகள். கடலில் மீன்வளத்துறை, கடலோரக் காவல்படை, சுங்கம். இன்னும் கொஞ்சதூரம் போனால் 1974-ல் இந்தியாவும் இலங்கையும் வரைந்த எல்லைக்கோடு. அந்தக் கோட்டைத் தாண்டியதற்காகத் தங்கச்சிமடத்து வீடுகள் எத்தனை ஆண்களைச் சிறைக்கு அனுப்பியிருக்கின்றன என்பது இந்தக் கரையின் தீராத துயரம்.

ஒரு விஷயத்தைப் பாராட்டத்தான் வேண்டும். கடல்மேல் எழுதிய சட்டங்கள் சில, இயற்கையையும் தொழிலாளிகளையும் பார்த்து எழுதப்பட்டவை. 1983-ன் தமிழ்நாடு கடல்மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டப்படி கரையிலிருந்து குறிப்பிட்ட தூரம் வரை விசைப்படகு இழுவலை போடக் கூடாது. பாக் விரிகுடாவில் வாரத்தில் 3 நாள் விசைப்படகு, 4 நாள் நாட்டுப்படகு என்று முறை வைத்திருக்கிறார்கள். மீன் குஞ்சு பொரிக்கும் காலமென்று ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடை. மீறல்கள் இருக்கின்றன, சண்டை இருக்கிறது. ஆனாலும் இது ஒரு பொதுச் சொத்து, முறை வைத்துத்தான் எடுக்க வேண்டும் என்ற எண்ணம் சட்டத்தில் ஏறியிருக்கிறது.

காலடியில் இருக்கும் தண்ணீருக்கு அந்த எண்ணம் வரவில்லை. சென்னைக்கும் அதைச் சுற்றிய பகுதிக்கும் 1987-ல் நிலத்தடி நீர்ச் சட்டம் வந்தது. மாநிலம் முழுமைக்குமான சட்டம் 2003-ல் இயற்றப்பட்டு, நடைமுறைக்கு வராமலே 2013-ல் நீக்கப்பட்டது. தங்கச்சிமடத்தில் ஒருவர் தம் மனையில் எத்தனை ஆழத்துக்குத் துளை போடலாம், ஒரு நாளில் எவ்வளவு எடுக்கலாம் என்று வில்லையின் கணக்கைப் பார்த்துச் சொல்ல ஓர் அலுவலகம் இல்லை. ராமேஸ்வரத்தில் ஒரு விடுதி உறிஞ்சினால் நகராட்சி எல்லையோடு அதன் விளைவு நின்றுவிடாது. வட்டம், நகராட்சி, ஊராட்சி, ஒன்றியம், சரணாலயம் என்று மேலே எத்தனை கோடுகள் கிழித்தாலும் கீழே மிதப்பது ஒரே தண்ணீர்தான். இந்தத் தீவுக்கு முதன்மையான நிர்வாக அலகு அந்த நன்னீர் வில்லையாகத்தான் இருக்க வேண்டும் என்பது என் கருத்து.

காவிரிக் கூட்டுக் குடிநீர்த் திட்டத்தில் இப்போது தண்ணீர் பாலத்தைத் தாண்டித் தீவுக்கு வருகிறது. இதனால் பிழைத்தோம் என்பது உண்மை. குடம் சுமந்த பெண்களின் பாரம் குறைந்ததும் உண்மை. ஆனால் காவிரி வந்தபின் கிணறு எதற்கு என்ற அலட்சியமும் கூடவே வந்துவிட்டது. குழாயில் வந்த தண்ணீர் குளியலறை வழியாகவும் கழிப்பறை வழியாகவும் போய்ச் சேருமிடம் இதே மணல்தான். அடிப்பாகம் பூசாத உறைக்குழியிலிருந்து கிணற்றுக்குக் கழிவு இறங்க மணலில் எந்தத் தடையும் இல்லை. மழையை எவ்வளவு சுலபமாக உள்ளே விடுகிறதோ அவ்வளவு சுலபமாகக் கழிவையும் மணல் உள்ளே விடும்.

குழாயை மட்டும் நம்பக் கூடாது என்பதற்கு 1964-ஐ நினைத்தால் போதும். டிசம்பர் 22 இரவு வந்த புயல் தனுஷ்கோடியை அழித்தது. பாம்பன் பாலத்தின் இரும்புக் கர்டர்களைக் கடலுக்குள் தள்ளியது. பொறியாளர் இ. ஸ்ரீதரனின் குழு இரவு பகலாக வேலை செய்து 46 நாளில் பாலத்தை மீட்டது என்பது ரயில்வே வரலாற்றில் பெருமைக்குரிய பக்கம். ஆனால் அந்த நாட்களில் தீவில் இருந்தவர்கள் பெரும்பாலும் உள்ளூர்க் கிணற்றைத்தான் நம்பியிருக்க வேண்டும். அன்றைக்குக் காவிரிக் குழாய் கிடையாது. சாலைப் பாலமே 1988 அக்டோபரில்தான் வந்தது. இன்னொரு பெரும்புயல் வந்து குழாய் அறுந்தால், அன்று தங்கச்சிமடம் குடிக்கப்போவது தன் காலடியில் இருப்பதைத்தான். கடல் கரையேறி உப்பு மேலிருந்தே இறங்கிவிட்டால் அதைக் கழுவ அடுத்தடுத்து சில மழைக்காலங்கள் தேவைப்படும். ஏற்கெனவே மெலிந்த வில்லை அத்தனை காலம் தாங்காது.

செய்ய வேண்டியவை பெரிய செலவு பிடிப்பவை அல்ல. பாம்பனிலிருந்து தனுஷ்கோடி வரை பொதுக் கிணறுகளில் மாதம் ஒருமுறை உப்பின் அளவையும் நீர்மட்டத்தையும் எடுத்து, முழுத் தீவுக்கும் ஒரே வரைபடமாக வட்டாட்சியர் அலுவலகச் சுவரில் ஒட்ட வேண்டும். உப்பு அளக்கும் டிடிஎஸ் கருவி சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கிறது. பள்ளிப் பிள்ளைகளே அளந்து விடுவார்கள். மிச்சமிருக்கும் மணல்மேடுகளில் கை வைக்கக் கூடாது. விடுதிகளின் ஆழ்துளைகளுக்கு அளவு வைக்க வேண்டும். கழிவுத் தொட்டியின் அடிப்பாகத்தைப் பூசியே ஆக வேண்டும் என்பதை கட்டட வரைபட அனுமதியின் நிபந்தனையாக்க வேண்டும். நகராட்சி ஆணையரும், ஊராட்சித் தலைவர்களும், ஒன்றிய அதிகாரியும், வனத்துறையும் இந்த ஒன்றுக்காகவாவது ஒரே மேசையில் உட்கார வேண்டும். மீனுக்கு நாள் பிரித்துக்கொள்ளத் தெரிந்த ஊருக்கு, தண்ணீருக்கு அளவு பிரித்துக்கொள்வது புதிய வித்தை அல்ல.

தமிழ்நாட்டு ஊராட்சிகளில் மார்ச் 22, உலகத் தண்ணீர் தினத்தன்று கிராம சபை கூடுகிறது. தங்கச்சிமடத்திலும் பாம்பனிலும் வாக்குரிமை உள்ள ஒவ்வொருவருக்கும் அங்கே எழுந்து பேச உரிமை உண்டு. அடுத்த கூட்டத்துக்குப் போகும்போது உங்கள் வீட்டுக் கிணற்றின் உப்பளவை ஒரு தாளில் எழுதி எடுத்துப் போங்கள். அதைத் தீர்மானப் புத்தகத்தில் ஏற்றச் சொல்லுங்கள்.